தவமணி ஊற்றிய மழை

கமரா வாங்கிய மூன்றாம் நாளே பெயரட்டை அடித்துக்கொண்டு வந்து என் வீட்டுப் படலையைத் தட்டுகிற பிள்ளைகளுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: எந்த லென்ஸ் நல்லது என்று என்னிடம் கேட்காதீர்கள். எனக்கு இரண்டு கண்ணிலும் புரை. தெருவிளக்கைப் பார்த்தால் சுற்றிவர ஒரு வெண்புகை தெரிகிறது. அந்த நாளில் கதாநாயகியின் முகத்துக்கு அப்படி ஒரு புகை வேண்டுமென்று லென்சுக்கு முன்னால் மெல்லிய துணி கட்டி எவ்வளவு பாடுபட்டோம். இப்போது எனக்கு அது இலவசமாகக் கிடைக்கிறது. வேலைதான் இல்லை.

கருவிகளைப் பற்றி உங்கள் கைத்தொலைபேசிக்கு என்னைவிட அதிகம் தெரியும். எனக்குத் தெரிந்தது நான் விழுந்த குழிகள் மட்டும். இன்றைக்கு ஒரு பெரிய குழியைக் காட்டுகிறேன். அதற்கு முன் ஒரு சின்னக் குழி. பெரிய குழியிலிருந்து என்னைத் தூக்கிவிட்டது இந்தச் சின்னக் குழிதான், அதனால் பொறுத்துக் கேளுங்கள்.

சினிமாவுக்கு வருமுன் நானும் உங்களைப் போலக் கலியாணவீடுகளுக்குத்தான் வீடியோ எடுத்துத் திரிந்தேன். மருதனார்மடத்தில் ஒரு மண்டபம். மாப்பிள்ளை வந்து இறங்குகிற நேரம் நான் முன்கூரைக்குக் கீழே நின்று எடுத்துக்கொண்டிருந்தேன். மேலே தண்ணீர்த் தொட்டி நிரம்பி வழிந்து, கூரை விளிம்பால் என் லென்சுக்கு ஒரு முழம் முன்னால் விழுந்துகொண்டிருந்தது. மாப்பிள்ளை நின்றது இருபது அடி தள்ளி, நல்ல வெயிலில். நான் அதைக் கவனிக்கவே இல்லை. படத்தைப் போட்டுப் பார்த்தால், வெயில் பின்னாலிருந்து பட்டு ஒவ்வொரு சொட்டும் வெள்ளிக் கம்பி போல இறங்குகிறது, மாப்பிள்ளைவீட்டார் முழுப்பேரும் அடைமழைக்குள் சிரித்துக்கொண்டு நிற்கிறார்கள். பிரான்சிலிருந்து பெண்ணின் சித்தப்பா தொலைபேசியில் கூப்பிட்டு, மழைக்குள்ளே மாப்பிள்ளைக்கு ஒரு குடை பிடிக்க அங்கே ஆளில்லையா என்று சண்டை. பெண்ணின் தகப்பனார் அதன்பிறகு என்னைச் சந்தையில் கண்டாலும் மறுபக்கம் திரும்பிக்கொள்வார்.

சரி, பெரிய குழி.

கபிலன் என்றொரு தம்பியின் முதல் படம். வயது முப்பதுக்குள் இருக்கும். கதையை எழுதி, சொந்தக்காரர் எல்லாரிடமும் கையேந்தி, மூன்று வருடமாக உருட்டி மற்றதெல்லாவற்றையும் எடுத்து முடித்திருந்தான். கடைசிக் காட்சிதான் பாக்கி. மாலை வெயில், கூடவே மழை, கதாநாயகி புகையிலைத் தோட்டத்தைக் கடந்து ஓடிவர வேண்டும். அந்த ஓட்டம் இல்லாவிட்டால் படத்துக்கு முடிவே இல்லை.

கதாநாயகி ஷரோன் ரீச்சர். மிஷன் பள்ளிக்கூடமொன்றில் கணிதம் படிப்பிக்கிறவர். குடும்பமே சேர்ச்சும் பள்ளிக்கூடமுமாக வளர்ந்தது. அவர் நடிக்க வந்ததே ஊருக்குப் பெரிய செய்தி. அதிபர் அம்மா ஒரேயொரு நாள் லீவு கொடுத்திருந்தார், மறுநாள் தவணைப் பரீட்சை தொடங்குகிறது. அது முடிய ஷரோன் கலியாணம் கட்டி அவுஸ்திரேலியா போகிறார். ஆகவே அந்த ஒரு பின்னேரம்தான். எங்கள் ஆட்களின் சினிமா இப்படித்தான் பிள்ளைகளே, கதாநாயகியின் திகதியை அதிபர்தான் தீர்மானிப்பார்.

இடம் பார்க்கிற பொறுப்பு என்னுடையது. சண்டிலிப்பாயில் ஒரு தோட்டம் கண்டேன். கிழக்கே ஒழுங்கை, மேற்கே கரும்பச்சையாகப் பனைவரிசை, நடுவே இடுப்பளவு புகையிலை. ஒழுங்கையில் கமராவை வைத்தால் விழுகிற சூரியன் நேரே லென்சின் முகத்துக்கு. இதைவிட என்ன வேண்டும்? காணி யாருடையது என்று விசாரித்தேன். கனடாவில் ஒருவர். இலக்கம் எடுத்துப் பேசினேன். மனிதருக்குச் சரியான சந்தோஷம். “தாராளமா எடுங்கோ, படத்திலை என்ரை பேரையும் போடுங்கோ” என்றார். அனுமதி கிடைத்துவிட்டது என்று கபிலனிடம் நெஞ்சை நிமிர்த்திச் சொன்னேன்.

நான் வடகரைக் கடலோரப் பிள்ளை. எங்கள் வீட்டில் தோட்டம் என்றால் முற்றத்தில் நிற்கிற ஒரு முருங்கை. புகையிலை கடையில் சுருட்டிக் கட்டியபடி முளைக்கிறது என்று நினைத்து வளர்ந்தவன். பங்குனி மாதம் வெட்டப்போகிற புகையிலையில் மழை விழலாமா கூடாதா என்று எனக்கு எப்படித் தெரியும்? தெரியாது என்பது குற்றமில்லை. தெரிந்த ஒருவரிடமும் கேட்காமல் விட்டேனே, அதுதான் குற்றம்.

அன்று பின்னேரம் மூன்றரைக்குத் தண்ணீர் பவுசர் லொறி ஒழுங்கைக்குள் திரும்பியது. கூடவே பம்பு, நீளக் குழாய்கள், மழை தூவுகிற தலைகள். பவுசர் தோட்டத்தடிக்கு வருமுன் ஒரு பெண் சைக்கிளில் வந்து இறங்கினார். நாற்பத்தைந்து வயதிருக்கும். சைக்கிளை ஒழுங்கைக்குக் குறுக்கே, பவுசரின் மூஞ்சிக்கு முன்னால் நிறுத்தினார், பூட்டினார், திறப்பைச் சேலைத் தலைப்பில் முடிந்துகொண்டார். சத்தம் ஒன்றும் போடவில்லை. இதில் பெரியவர் யார் என்று கேட்டார். எல்லாரும் என் நரைத்த தாடியைப் பார்த்தார்கள்.

“ஆரிட்டைக் கேட்டு வந்தனீங்கள் அண்ணை?”

காணிக்காரரிடம் கேட்டோம், கனடாவில் இருக்கிறார், சம்மதம் தந்துவிட்டார் என்று விறுவிறு என்று சொன்னேன்.

“காணி அவற்றைதான். நிக்கிற பொயிலை ஆற்றை?”

புகையிலை யாருடையது என்று நான் யோசித்ததே இல்லை. கனடாக்காரர் அந்தத் தோட்டத் தறையைக் குத்தகைக்குக் கொடுத்திருக்கிறார் என்பதோ, அவர் புகையிலையைக் கண்ணால் கண்டு இருபது வருடம் என்பதோ எனக்குத் தெரியாது. கேட்டால்தானே தெரியும்.

அவர் பெயர் தவமணி. கணவர் மோட்டார் சைக்கிளால் விழுந்து இடுப்பெலும்பு உடைந்து ஆறு மாதமாகக் கட்டிலில். நடுகை தொடங்கி இறைப்பு, குருத்து முறிப்பு, காவல் எல்லாம் இந்த முறை தவமணி தனியே செய்தது. பொம்பிளை தனியாய் என்னத்தைச் செய்து கிழிக்கப் போறாள், அடுத்த வருடக் குத்தகையை எனக்குத் தாருங்கள் என்று கணவரின் தமையன் ஏற்கெனவே கனடாவுக்குக் கதைத்துவிட்டாராம். மற்றநாள் காலை வியாபாரி இலை பார்க்க வருகிறார். இலை நன்றாக இருந்தால் தறை தவமணியின் கையில் நிற்கும். இல்லையென்றால் தமையனுக்குப் போகும். அவ்வளவுதான் விஷயம். இதை அவர் அழுது சொல்லவில்லை, பஸ் எத்தனை மணிக்கு என்பதைச் சொல்வதுபோலச் சொன்னார்.

இனி நான் சொல்லப்போவது எனக்கே வெட்கம். முதலில் நான் பொய் சொன்னேன். பெரிய மழை இல்லை தங்கச்சி, சும்மா ஒரு தூறல்தான், வெயிலுக்கு உடனே காய்ந்துவிடும் என்றேன். பத்தாயிரம் லீற்றர் பவுசர் எனக்குப் பின்னால் நின்று உறுமிக்கொண்டிருக்கிறது, நான் தூறல் என்கிறேன்.

தவமணி என் வலக்கையைப் பிடித்து, வேலிக்கரையில் நின்ற ஓர் இலையில் என் விரல்களை அழுத்தினார். எடுத்தால் விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டுகின்றன. பலாப்பழம் வெட்டினது போலப் பிசின்.

“உதுதான் அண்ணை பொயிலையின்ரை காரம். தண்ணி பட்டால் கழுவுப்பட்டுப் போயிடும். பேந்து உது பொயிலை இல்லை, வெறும் இலைகுழை.”

கபிலன் என்னைத் தனியாக இழுத்தான். அவன் கெட்ட பிள்ளை இல்லை, ஆனால் மூன்று வருடம் உருட்டிய கல் வாசற்படியில் நிற்கிறது. “பத்து நிமிசம் அடிச்சால் முடிஞ்சுது அண்ணை. நட்டத்தை நான் குடுக்கிறன். சைக்கிளைத் தூக்கி ஓரமா வைக்கச் சொல்லட்டோ?”

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். சைக்கிளைத் தூக்கிவைக்க ஓர் ஆள் போதும். நாங்கள் பதினான்கு பேர். அது எங்களுக்கும் தெரியும், தவமணிக்கும் தெரியும். அப்படியிருந்தும் அவர் பூட்டிவிட்டு நின்றார் பாருங்கள், அதுதான் என்னை உலுப்பியது. எங்களை மனிதர் என்று நம்பித்தானே பூட்டினார். கள்ளர் என்று நினைத்திருந்தால் ஊரைக் கூட்டியிருப்பார்.

எங்கள் கடலில் யாரும் எங்கும் ஓடலாம், அது யாருடைய காணியும் இல்லை. ஆனால் மிதவை தெரிந்தால் விலத்தி ஓட வேண்டும், கீழே ஒருவரின் வலை கிடக்கிறது. எங்கள் ஐயா, என் தகப்பன், என்னைப் படகில் ஏற்றிய முதல்நாளே சொன்ன விஷயம். கனடாக்காரரிடம் நான் கடலுக்கு அனுமதி கேட்டிருக்கிறேன், வலைக்காரியிடம் கேட்கவில்லை. இடம் பார்க்கப் போகிற பிள்ளைகள் இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் ஊர்களில் பாதிக் காணி வெளிநாட்டில் இருக்கிறது, அதிலே வேர்வை சிந்துகிறவர் பக்கத்து வளவில் இருக்கிறார்.

தூக்க வேண்டாம் என்றேன். அப்ப என்ன செய்கிறது என்று கேட்டான். தெரியாது என்றேன். உண்மையாகவே தெரியாது. நேரம் நாலேகால். ஷரோன் ரீச்சர் ஒழுங்கை மதகில் குந்தியிருந்து, படத்துக்காகத் தலைக்கு எண்ணெய் வைக்காமல் வந்த துக்கத்துடன் மறுநாள் வினாத்தாளில் எழுத்துப்பிழை திருத்திக்கொண்டிருந்தார். கபிலன் வேலிக் கதியால் தடியை உதைத்துக்கொண்டு நின்றான். எனக்குக் கோபம் வந்தது, அவன்மீது அல்ல, என்மீது. கோபம் வந்தால் நான் கமராவுக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்வேன். போனேன். போகஸ் வளையத்தைத் திருப்பப் போனால் விரல் அதில் ஒட்டிப்போய்விட்டது. தவமணியின் பிசின். இன்றைக்கும் அந்த வளையத்தில் ஒரு கறுப்புப் பொட்டு இருக்கிறது.

விரலைப் பிய்த்துக்கொண்டு உள்ளே பார்த்தேன். பார்த்தபடியே நின்றுவிட்டேன்.

சூரியன் சரிந்திருந்தது. வெயில் பின்னாலிருந்து படப்பட அந்தப் பிசின் இலை இலையாக மினுங்குகிறது. ஒரு சொட்டுத் தண்ணீர் படாத தோட்டம், ஒரு மணிநேரம் மழையில் நின்றது போலப் பளபளக்கிறது. நாங்கள் பத்தாயிரம் லீற்றர் கொண்டுவந்து கழுவி எடுக்கப் பார்த்த அதே பிசின்! நனைந்த இலை என் கண்முன்னாலேயே இருக்கிறது. இல்லாதது விழுகிற மழை மட்டும்தான்.

அப்போதுதான் மருதனார்மடத்து மாப்பிள்ளை மழைக்குள் சிரித்துக்கொண்டு என் மண்டைக்குள் வந்து நின்றார். மழை தோட்டத்தில் விழ வேண்டியதில்லையே, லென்சுக்கு முன்னால் ஒரு முழத்தில் விழுந்தால் போதுமே! இருபது வருடமாக வெளியே சொல்லாமல் மறைத்து வைத்த அவமானம், கூப்பிடாமலே வேலைக்கு வந்தது. உங்கள் பிழைகளை மறக்கப் பார்க்காதீர்கள் பிள்ளைகளே, ஒரு மூலையில் போட்டு வையுங்கள்.

தவமணியிடம் போய்ப் பூவாளி இருக்கிறதா என்று கேட்டேன். நாற்றுமேடைக்குத் தண்ணீர் தெளிக்கிற பூவாளி இல்லாத புகையிலைக்காரர் உண்டா என்பது போல என்னைப் பார்த்தார். என் எண்ணத்தை விளக்கினேன். தண்ணீர் ஒழுங்கையில் மட்டும் விழும், இலைக்குப் போகாது என்றேன். சற்றுமுன்தான் தூறல் என்று புளுகிய வாய் அல்லவா, அவர் நம்பவில்லை. கடைசியில் ஒரு நிபந்தனை போட்டார்.

“அப்ப நான்தான் ஊத்துவன். ஒரு துளி இலையிலை பட்டாலும் நிப்பாட்டிப் போடுவன்.”

முடிச்சு அவிழ்ந்தது, சைக்கிள் விலகியது, பவுசர் கமராவுக்குப் பக்கத்தில் வந்து நின்றது. எந்தப் பவுசரை மறித்தாரோ அதன் முதுகிலேயே தவமணி சேலையைச் செருகிக்கொண்டு ஏறினார், இரண்டு கையிலும் இரண்டு பூவாளி. கீழேயிருந்து நிரப்பிக் கொடுக்கிற வேலை யாருக்கு? எங்கள் இயக்குநருக்கு. கபிலன் கால்சட்டையை முழங்கால் வரைக்கும் உருட்டிக்கொண்டு வாளியோடு ஓடித் திரிந்ததைப் பார்த்த பிறகுதான் அவன் நல்ல இயக்குநராக வருவான் என்று எனக்கு நம்பிக்கை வந்தது.

ஷரோனைக் கிணற்றடியில் வைத்து நனைத்தோம். தவமணி மேலே நின்றபடியே, பயிருக்குள்ளால் ஓடாதே, வரம்பால் மட்டும் ஓடு, உன் ஈரச்சட்டை இலையில் முட்டக்கூடாது என்று ரீச்சருக்கே பாடம் எடுத்தார். ரீச்சர் ஓம் அக்கா, ஓம் அக்கா என்று தலையாட்டினார்.

முதல் முறை எடுத்தது படுதோல்வி. தவமணி கன்றுக்கு ஊற்றிப் பழகிய கை. ஒரு கரையில் தொடங்கி மறுகரைக்கு வரிசையாக ஊற்றிக்கொண்டு போனார். கமராவில் பார்த்தால் மழை இடப்பக்கத்திலிருந்து வலப்பக்கத்துக்கு நடந்து போகிறது. ஓரிடத்தில் நின்று ஊற்றச் சொன்னேன். இரண்டாவது முறை எல்லாம் சரியாக வந்து, ஷரோன் பாதித் தூரம் ஓடிவர, காற்று ஒரு பிடி தோட்டப்பக்கம் திரும்பியது. தவமணி பூவாளியை அப்படியே நிமிர்த்திவிட்டார். மழை நின்றது, ஷரோன் மட்டும் ஓடிக்கொண்டிருந்தார். தவமணி பார்த்தது என்னையல்ல, இலையை.

மூன்றாவதுக்கு ஆயத்தம் செய்கிறபோது எங்களுக்குப் பின்னால் வானம் கறுத்தது. தென்கிழக்கில் திடீரென்று ஒரு மேகம், ஈரக் காற்று. கபிலனுக்கு முகம் மலர்ந்துவிட்டது. “அண்ணை, உண்மை மழை! பத்து நிமிசம் பொறுத்தால் காணும். தோட்டம் முழுக்க எடுக்கலாம்.” யாரும் ஊற்றாத மழை, யாரையும் குற்றம் சொல்ல முடியாத மழை. மேற்கே சூரியனும் அப்படியே இருக்கிறது. ஒளிப்பதிவாளனுக்கு அப்படியொரு வெளிச்சம் ஆயுளில் ஒருமுறை கிடைக்கும். உண்மையைச் சொன்னால் என் மனமும் ஒரு கணம் சலனப்பட்டது.

பிறகு இரண்டு பேரும் பவுசரின் மேலே பார்த்தோம். தவமணி பூவாளிகளைக் கீழே வைத்துவிட்டு மேகத்தைப் பார்த்தபடி நின்றார். எங்களை மறித்தது போல அதை மறிக்க அவரிடம் சைக்கிள் இல்லை. கணவரைப் பற்றிச் சொல்லும்போது மாறாத முகம் அப்போது மாறியது. கபிலன் வாளியை மெதுவாகத் தரையில் வைத்துவிட்டு என் காதோடு, “அண்ணை, மழை வரப்படாது” என்றான்.

மழைக்காட்சி எடுக்கப் போன பதினான்கு பேர் மழை வரக்கூடாது என்று நேர்ந்துகொண்டு நின்றதை நீங்கள் எங்கேயாவது கேள்விப்பட்டதுண்டா? நான் மருதனார்மடத்து ஆஞ்சநேயருக்கு வடைமாலை சொன்னேன். ஷரோன் கண்ணை மூடித் தன்னுடைய ஆண்டவரிடம் தன் பாட்டில் விண்ணப்பித்தார். பவுசர் சாரதி உடுத்திருந்த சாரத்தை அவிழ்த்துக் கட்டினார், அது எந்தத் தெய்வத்துக்கு என்று தெரியாது. மேகம் எங்கள் தலைக்கு மேலால் முனகிக்கொண்டு வடக்கே போய்விட்டது. போய் எங்கே பெய்தது தெரியுமா? எங்கள் ஊரில். காயப்போட்ட கருவாடு முழுக்க நனைந்துவிட்டது என்று பொழுதுபட என் மச்சாள் தொலைபேசியில் ஒப்பாரி. நான் ஆஞ்சநேயரைக் காட்டிக்கொடுக்கவில்லை.

சூரியன் பனையின் தலைவட்டைத் தொட இன்னும் பத்து நிமிடம் இருந்தது. தவமணி பூவாளிகளைத் தூக்கினார். மேகம் போன திசையை இடைக்கிடை திரும்பிப் பார்த்தபடி ஊற்றியதால்தானோ என்னவோ, இந்த முறை துளிகள் ஒரே சீராக விழாமல் கொஞ்சம் கூடியும் கொஞ்சம் குறைந்தும் விழுந்தன, உண்மை மழை போலவே. ஷரோன் ஓடிவந்தார். அவர் ஒழுங்கையை அடைந்ததும் கபிலன் ‘கட்’ சொல்ல மறந்து வாளியோடு நின்றான்.

மற்றநாள் வியாபாரி வந்தார், இலையை உரசிப் பார்த்தார், முழுவதையும் எடுத்துக்கொண்டார். கனடாக்காரர் அடுத்த குத்தகையையும் தவமணிக்கே உறுதிசெய்தார். ஷரோனின் விமானமும் பிந்தாமல் போனது.

படம் யாழ்ப்பாணத்தில் ஒரு தியேட்டரில் பகல் காட்சியாக ஓடியபோது தவமணியையும் கணவரையும் கூப்பிட்டிருந்தோம். கணவர் ஊன்றுகோலோடு நடக்கத் தொடங்கியிருந்தார். எனக்குப் பக்கத்தில் தவமணி, அவருக்கு அப்பால் கணவர். மழைக்காட்சி வந்தது. திரை முழுவதும் அவருடைய புகையிலை, அதன்மேல் சோ என்று மழை. தவமணி ஆசனத்தைவிட்டு எழும்பிவிட்டார். என் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, “அண்ணை, இலை நனையுது” என்றார்.

பின்வரிசையில் மறைக்குது, இருங்கோ என்று சத்தம் போட்டார்கள். கணவர் சேலையைப் பிடித்து இழுத்தார். “இரு அப்பா. உது நீ ஊத்தின தண்ணியெல்லே?”

“ஓமப்பா, நான்தான் ஊத்தினனான். எண்டாலும் நனையுதே.”

கண்ணைத் திரையிலிருந்து எடுக்கவில்லை. ஷரோன் வரம்பால் ஓடி முடித்து, கடைசி இலையும் திரையைவிட்டுப் போகும்வரை அவர் ஆசனத்தில் இருக்கவே இல்லை.